அம்மாவின் கட்டிலருகே கோட் ப்ளூ என்றால்?

கேள்வி: இடுப்பு எலும்பு அறுவை சிகிச்சை முடிந்த அம்மாவுடன் மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் இருக்கிறேன். நேற்று இரவு ஸ்பீக்கரில் ‘கோட் ப்ளூ, மூன்றாவது மாடி’ என்றார்கள், நர்ஸ்கள் ஓடினார்கள். நிறங்களுக்கு என்ன அர்த்தம்? அம்மாவுக்கு அப்படி ஏதாவது ஆனால் நான் என்ன செய்யலாம்?

பதில்: ஒருவருக்கு இதயமோ மூச்சோ நின்றுவிட்டது, உயிர்காக்கும் குழு உடனே வர வேண்டும் என்பதுதான் கோட் ப்ளூ. கோட் ரெட் என்றால் தீ. கோட் பிங்க் என்றால் பெரும்பாலும் குழந்தையைக் காணவில்லை அல்லது கடத்திவிட்டார்கள் என்று பொருள். அந்த நேரத்தில் கையில் குழந்தையுடன் வாசலுக்குப் போனால் நிறுத்திக் கேட்பார்கள், கோபப்படாதீர்கள்.

இவற்றைத் தாண்டி மற்ற நிறங்களை மனப்பாடம் செய்ய வேண்டாம், அவை இடத்துக்கு இடம் மாறும். அமெரிக்க மருத்துவமனைகள் பலவற்றில் கோட் பிளாக் என்றால் வெடிகுண்டு மிரட்டல். ஆஸ்திரேலியாவில் அதற்குப் பர்ப்பிள்; அங்கே பிளாக் என்றால் யாரோ ஒருவர் ஆட்களைத் தாக்க வருகிறார் என்று அர்த்தம். உங்கள் மருத்துவமனையின் பட்டியலை வார்டு இன்சார்ஜ் சிஸ்டரிடம் கேளுங்கள், சொல்வார்.

உங்கள் இரண்டாவது கேள்விதான் முக்கியமானது. மருத்துவமனையில்தானே இருக்கிறோம், அவர்கள் பார்த்துக்கொள்வார்கள் என்று பலரும் நினைக்கிறார்கள். ஆனால் இரவு வார்டில் ஒரு சிஸ்டருக்குப் பல கட்டில்கள். அம்மா பேச்சு மூச்சில்லாமல் போனால் முதலில் பார்க்கப்போவது நீங்கள்தான். இதயம் நின்றபின் மார்பை அழுத்தாமல் கழியும் ஒவ்வொரு நிமிடமும் பிழைக்கும் வாய்ப்பைக் குறைக்கிறது.

தோளைத் தட்டி உரக்கக் கூப்பிடுங்கள். பதில் இல்லை, சாதாரணமாக மூச்சும் இல்லை என்றால் அது போதும், நாடி பிடித்துப் பார்த்து நேரத்தைக் கழிக்காதீர்கள். மானிட்டர் மாட்டியிருந்தாலும் முகத்தைப் பாருங்கள். ஒயர் கழன்றாலும் அது கத்தும். இதில் பலரையும் ஏமாற்றுவது ஒன்று உண்டு. இதயம் நின்ற முதல் சில நிமிடங்களில் சிலருக்கு, கரையில் போட்ட மீன் போல வாயைத் திறந்து திறந்து விட்டுவிட்டு இழுக்கும். ‘மூச்சு இருக்குங்க’ என்று உறவினர்கள் காத்திருப்பது அப்போதுதான். அது மூச்சு அல்ல.

பெல்லை அழுத்துங்கள், அத்துடன் வாய்விட்டுக் கத்துங்கள். அறையில் இன்னொருவர் இருந்தால் ஓடச் சொல்லுங்கள். தலையணையை உருவிவிட்டு அம்மாவை மல்லாக்கக் கிடத்துங்கள். கட்டிலின் தலைப்பக்கம் உயர்ந்திருந்தால் இறக்க வேண்டும். அதற்கான கைப்பிடி பெரும்பாலும் கால்மாட்டில் இருக்கும், இன்றே ஒருமுறை சுற்றிப் பழகிக்கொள்ளுங்கள். பிறகு மார்பின் நடுவில், மார்பெலும்பின் கீழ்ப்பாதியில், உள்ளங்கையின் அடிப்பகுதியை வைத்து, அதன்மேல் மறுகையைக் கோத்து, முழங்கை மடங்காமல் உடல் எடையைக் கொண்டு அழுத்துங்கள். ஆழம் 5 முதல் 6 செ.மீ., வேகம் நிமிடத்துக்கு 100 முதல் 120. ஒவ்வொரு முறையும் மார்பு முழுதாக மேலே எழும்ப விடுங்கள். உயரம் போதாவிட்டால் கட்டிலில் ஏற வைத்திருக்கும் படியின்மேல் நில்லுங்கள். வாயோடு வாய் வைத்து ஊதத் தெரியாவிட்டால் பரவாயில்லை, அழுத்துவதை மட்டும் நிறுத்தாதீர்கள். வயதானவர்களுக்கு விலா எலும்பு முறியலாம். பயந்து கையை எடுத்துவிடாதீர்கள், அது பிறகு கூடிவிடும். வாயில் தண்ணீர், சோடா எதுவும் ஊற்றவே கூடாது. உள்ளங்கை, பாதம் தேய்ப்பதால் பயனில்லை.

சிஸ்டர் வந்ததும் இடத்தை விட்டுவிடுங்கள். முதுகுக்கடியில் பலகை நுழைப்பார்கள், மெத்தை அமுங்கினால் அழுத்தம் வீணாகும் என்பதற்காக. ‘எல்லோரும் தள்ளுங்க’ என்றால் ஷாக் கொடுக்கப்போகிறார்கள், கட்டிலைத் தொடாதீர்கள். எல்லோருக்கும் ஷாக் கொடுக்க மாட்டார்கள். துடிப்பு தாறுமாறாக அதிரும்போதுதான் அது உதவும். மானிட்டரில் கோடு நேராகிவிட்டால் அழுத்தமும் அட்ரினலின் ஊசியும்தான். ‘ஏன் ஷாக் வைக்கல?’ என்று அந்த நேரத்தில் சண்டை வேண்டாம். வெளியே நிற்கச் சொன்னால் வாசலிலேயே நில்லுங்கள். எத்தனை மணிக்கு நினைவிழந்தார், கடைசியாக என்ன மருந்து கொடுத்தார்கள் என்று கேட்பார்கள்.

உங்கள் அம்மாவின் விஷயத்தில் இன்னொன்று சொல்லியாக வேண்டும். இடுப்பு அறுவைக்குப் பிறகு காலில் ரத்தம் உறைந்து, அந்தக் கட்டி நுரையீரலுக்குப் போய் அடைக்கக்கூடும். வலித்தாலும் எழுப்பி நடக்க வைப்பதும், ரத்தம் உறையாமலிருக்க ஊசி போடுவதும் அதற்காகத்தான். ஒரு கால் மட்டும் வீங்குவது, திடீர் மூச்சுத்திணறல், நெஞ்சுவலி, குப்பென்று வியர்ப்பது, காரணமில்லாத பதற்றம், சம்பந்தமில்லாத பேச்சு இவற்றில் எது தெரிந்தாலும் அப்போதே சொல்லுங்கள். மருத்துவமனையில் இதயம் நிற்கும் பலருக்கும் சில மணி நேரம் முன்பே ஏதாவது அறிகுறி தெரிந்திருக்கும். ‘ராத்திரி ரெண்டு மணி, சிஸ்டரை எதுக்குத் தொந்தரவு பண்ணணும்’ என்று தயங்காதீர்கள். அவர் வந்து பார்த்த பிறகும் மனசு கேட்கவில்லை என்றால், டியூட்டி டாக்டரை வரச்சொல்லி நேரடியாகக் கேளுங்கள்.