பேசாமல் நிற்பதும் ஒரு பிழைப்பா?

கேள்வி: சமூக மன்றக் கலைநிகழ்ச்சியில் ஓர் இளைஞர் ஐந்து நிமிடம் திருதிருவென்று விழித்துவிட்டு இறங்கினார். கேட்டால் அமெரிக்க நகைச்சுவைக் கலைஞர் 'ஆண்டி காஃப்மன் பாணி' என்கிறார். இதை யார் வேண்டுமானாலும் செய்யலாமே?
- ஈசூன் வாசகர்

பதில்: செய்துதான் பாருங்களேன்!

1975 அக்டோபர் 11, 'சாட்டர்டே நைட் லைவ்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சியின் முதல் ஒளிபரப்பு. காஃப்மன் பக்கத்தில் ஓர் இசைத்தட்டுப் பெட்டி, அதில் 'மைட்டி மவுஸ்' கார்ட்டூன் பாட்டு. பாட்டு ஓட, மனிதர் சும்மா நெளிவார். எலி வீரன் 'இதோ வந்தேன்' என்று முழங்கும் வரிக்கு மட்டும் கையை வீசி வாயசைப்பார். உடனே பழைய நெளிவு. நடுவில் ஒரு தம்ளர் தண்ணீர். முதல் தடவை அந்த வரி சபையைத் திடுக்கிட வைக்கும். அடுத்த தடவை சபையே அதற்குக் காத்திருக்கும். அந்தக் காத்திருப்பில்தான் சிரிப்பு.

இன்னொன்று, தடுமாறும் ஆங்கிலத்தோடு அயல்நாட்டுக்காரராக வந்து மிமிக்ரியைச் சொதப்புவார். எல்லாருக்கும் ஒரே குரல்! சபை பரிதாபப்படத் தொடங்கும்போது முதுகைக் காட்டி, தலைவாரி, அச்சு அசல் பாடகர் எல்விஸாகத் திரும்புவார். நீங்கள் பார்த்த இளைஞரிடம் அந்த எல்விஸ் இல்லை. சொதப்பலை மட்டும் இரவல் வாங்கியிருக்கிறார். ஐந்து நிமிடத்தில் சொதப்பலுக்கு மூன்று நிமிடமே அதிகம். குடும்பத்தோடு வந்தவர்கள் கைபேசியை எடுத்துவிடுவார்கள். நடுவில் 'சும்மா தமாஷ்' என்று கண்ணடித்தால் அத்தோடு சரி.

பிழைப்பா என்றால், காஃப்மனுக்கு 'டாக்ஸி' தொலைக்காட்சித் தொடர் சோறு போட்டது. 1979இல் நியூயார்க்கின் கார்னகி ஹால் அரங்கச் சபையையே பஸ்களில் ஏற்றிக்கொண்டுபோய்ப் பாலும் பிஸ்கட்டும் கொடுத்தார். பிறகு பெண்களோடு மல்யுத்தம் என்று இறங்கி, வேண்டுமென்றே வெறுப்பைச் சம்பாதித்தார். 1982 நவம்பரில், முன்பு மேடை தந்த அதே 'சாட்டர்டே நைட் லைவ்', இவர் இனி வேண்டுமா என்று தொலைபேசி வாக்கெடுப்பு வைத்தது: 'வேண்டாம்' 1,95,544, 'வேண்டும்' 1,69,186. அங்கே அவர் நேரில் திரும்பவே இல்லை. 1984இல் புற்றுநோய் கொண்டுபோனபோது வயது 35.

நம் சிங்கப்பூரிலும் இந்த வகைக்குச் சுலபமாக இடம் கிடைத்ததில்லை. 1994இல் பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட்டுக்கு (கலைஞர் தன் உடலையும் செயலையுமே கலையாக்கும் வகை) நிறுத்திய மானியத்தைத் தேசியக் கலைகள் மன்றம் மீண்டும் தர ஏறக்குறைய பத்தாண்டு பிடித்தது.

உங்கள் இளைஞர் காஃப்மன் மாதிரிப் பாட்டோடு மறுபடி ஏறினால், அது எங்கே தொடங்க வேண்டும் என்று ஒலியமைப்பாளரிடம் எழுதிக் கொடுக்கட்டும். ப்ளூடூத் ஸ்பீக்கர் வேண்டாம். இவர் மௌனமாக நிற்கும் நேரத்தில் அது தூங்கிப்போய்ப் பாட்டின் ஆரம்பத்தை விழுங்கிவிடலாம்.