ரெட்ஹில்ஸ் ஏரியில் இறங்கிய விமானத்தை இப்போது எங்கே பார்ப்பது?

தண்டையார்பேட்டையிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார்: "இரண்டாம் உலகப்போர் சமயத்தில் என் தாத்தா ரெட்ஹில்ஸ் பக்கம் பிளேன் கேம்பில் தச்சு வேலை செய்தாராம். சோழவரம் பழைய ஏர்போர்ட்டில் மியூசியம் ஏதாவது இருக்கிறதா? மகள் பர்மிங்ஹாமில் வேலை செய்கிறாள், ஜூனில் அவளைப் பார்க்கப் போகிறோம். அந்தக் காலத்து பிளேனை அங்கேயாவது பார்க்க முடியுமா? தாத்தா பெயர் எந்த ரெக்கார்டிலாவது இருக்குமா?"

சோழவரத்தில் மியூசியம் கிடையாதும்மா. பாதுகாப்புத் துறை இடம் என்பதால் ரன்வே பக்கம் சும்மா போய் நிற்கவும் முடியாது. போருக்காகப் போட்ட ஓடுதளம் அது, போர் முடிந்து காலியாகக் கிடந்தபோது அதில் கார் ரேஸும் பைக் ரேஸும் விட ஆரம்பித்தார்கள், நம் பக்கத்தில் அறுபதைத் தாண்டிய ஆண்கள் யாரிடமாவது சோழவரம் என்று சொல்லிப்பாருங்கள், ரேஸைப் பற்றி ஒரு மணி நேரம் பேசுவார்கள், விமானத்தைப் பற்றி ஒரு வார்த்தை வராது. இருங்காட்டுக்கோட்டையில் டிராக் வந்த பிறகு அந்த ரேஸும் போய்விட்டது.

டிக்கெட் போடுவதற்கு முன்னால் வீட்டுப் பெரியவர்களிடம் ஒன்றைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். தாத்தா வேலை செய்தது ரெட்ஹில்ஸிலா, சோழவரத்திலா? இரண்டும் ஜி.என்.டி. சாலையில் பக்கத்துப் பக்கத்து ஊர்தான், அதனால் வீட்டுப் பேச்சில் ஒன்றாகக் கலந்துபோயிருக்கும். தளம் என்று பார்த்தால் இரண்டும் வேறு வேறு. சோழவரத்தில் தரையில் ஓடுதளம். ரெட்ஹில்ஸில் ஏரியே ஓடுதளம்! 1942 ஏப்ரல் 5ஆம் தேதி ஜப்பான்காரன் கொழும்பில் குண்டு போட்டான், மறுநாள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும், 9ஆம் தேதி திருகோணமலையில். அடுத்தது மெட்ராஸ்தான் என்று பயந்து பாதி ஊர் காலியானது. வங்காள விரிகுடாவை வானிலிருந்து கண்காணிக்க வேண்டும் என்று ஆனபோது பிரிட்டிஷ் விமானப்படையின் (ஆர்.ஏ.எஃப்.) 240ஆவது ஸ்குவாட்ரன், அதாவது விமானப் பிரிவு, ரெட்ஹில்ஸ் ஏரிக்கு வந்து இறங்கியது. கேட்டலினா என்ற படகு விமானம். ஒருமுறை கிளம்பினால் கிட்டத்தட்ட ஒரு நாள் முழுக்கப் பறக்கும், இதே ரக விமானத்தை வைத்துக்கொண்டுதான் குவாண்டாஸ் கம்பெனி போர்க்காலத்தில் ஆஸ்திரேலியாவின் பெர்த்திலிருந்து இலங்கைக்கு எங்கும் நிற்காமல் 27 மணி நேரத்துக்கும் மேல் பறந்தது.

ஆகவே தாத்தா தண்ணீரில் இறங்கும் பிளேனைப் பற்றிச் சொல்லியிருந்தால் ரெட்ஹில்ஸ். பழைய டிரங்குப் பெட்டியில் பாஸ், சம்பளச் சீட்டு ஏதாவது இருந்தால் இன்னும் நல்லது. அதில் எம்.இ.எஸ். என்று இருந்தால் ராணுவத்தின் கட்டுமானப் பிரிவில், அதாவது ஷெட், பாரக்ஸ் கட்டுகிற வேலையில் இருந்திருப்பார். ஆர்.ஏ.எஃப். என்று இருந்தால் கேம்புக்குள்ளேயே வேலை.

ரெட்ஹில்ஸ் என்று உறுதியானால் உங்களுக்கு அதிர்ஷ்டம்தான், ஏனென்றால் கேட்டலினா ஒன்று மகள் இருக்கும் ஊருக்குப் பக்கத்திலேயே நிற்கிறது. காஸ்ஃபோர்டில் பிரிட்டிஷ் விமானப்படை மியூசியம் இருக்கிறது, 1938இல் திறந்த விமானப்படைத் தளத்தில்தான் அந்த மியூசியமே, தளம் இன்றும் இயங்குகிறது. பர்மிங்ஹாமிலிருந்து வுல்வர்ஹாம்ப்டன் வழியாக ஷ்ரூஸ்பரி போகும் ரயிலில் காஸ்ஃபோர்ட் என்றே ஒரு ஸ்டேஷன் உண்டு, இறங்கி நடந்தே போய்விடலாம். நுழைவுக் கட்டணம் இல்லை, காரில் போனால் பார்க்கிங்குக்கு மட்டும் பணம் கட்ட வேண்டும். ஒரே ஒரு எச்சரிக்கை, ஜூனில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே பெரிய ஏர் ஷோ நடக்கும், அன்று டிக்கெட் இல்லாமல் போனால் திரும்பித்தான் வர வேண்டும், தேதியை மகளை விட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

அந்த விமானத்தின் முன்னால் நிற்கும்போது வயிற்றுப் பக்கத்தைப் பாருங்கள், படகின் அடிப்பாகம் மாதிரியே இருக்கும். இறக்கை உடம்போடு ஒட்டாமல் மேலே ஒரு தூணில் உட்கார்ந்திருக்கும். இறக்கையின் இரு முனையிலும் மிதவை உண்டு, பறக்கும்போது அது மடங்கி இறக்கையின் நுனியாகவே ஆகிவிடும். பின்பக்கம் இரண்டு பக்கமும் உப்பிய கண்ணாடிக் கூண்டு, அதில் உட்கார்ந்துதான் மணிக்கணக்காகக் கடலைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். காஸ்ஃபோர்டில் இருப்பது பின்னால் வந்த மாடல், டென்மார்க் விமானப்படையில் பறந்தது, அதற்குச் சொந்தமாகச் சக்கரம் உண்டு. 240ஆவது ஸ்குவாட்ரனிடம் இருந்த ரகத்துக்குச் சக்கரமே கிடையாது! கரையேற்ற வேண்டுமென்றால் ஆட்கள் தண்ணீரில் இறங்கித் தனிச் சக்கரங்களை மாட்டி இழுக்க வேண்டும்.

தாத்தா இருந்தது சோழவரம் என்றால் லண்டனுக்கு வடக்கே லண்டன் கோல்னியில் இருக்கும் டி ஹாவிலண்ட் மியூசியத்துக்குப் போங்கள், இதற்கு டிக்கெட் உண்டு. போரின் கடைசி வருடமான 1945இல் சோழவரத்தில் மஸ்கிட்டோ குண்டுவீச்சு விமானங்கள் இருந்தன, அதன் முதல் மாதிரி விமானம் இந்த மியூசியத்தில்தான் இருக்கிறது. மஸ்கிட்டோவின் உடம்பும் இறக்கையும் மரம், உடம்பு பிளைவுட்டையும் பால்சா கட்டையையும் ஒட்டிச் செய்தது. தச்சர் வீட்டுப் பேத்தி நீங்கள், உங்களுக்கு அதைப் பார்க்க நான் சொல்லித்தர வேண்டியதில்லை.

பெயர் விஷயத்தில் அதிகம் எதிர்பார்க்காதீர்கள். லண்டன் கியூவில் இருக்கும் தேசிய ஆவணக் காப்பகத்தில் ஒவ்வொரு ஸ்குவாட்ரனின் நாட்குறிப்பும் ஏ.ஐ.ஆர். 27 என்ற வரிசையில் இருக்கிறது, எந்தத் தேதியில் எந்த விமானம் எங்கே போனது, யார் ஓட்டினார்கள் என்பதெல்லாம் கிடைக்கும், ஆனால் உள்ளூர்த் தச்சரின் பெயரை அதில் யாரும் எழுதிவைக்கவில்லை. எனக்கு இதில் வருத்தம்தான், என்ன செய்வது. அங்கே தேடுவதைவிட எழும்பூரில் இருக்கும் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் உங்களுக்குப் பயன்படலாம். அடையாள அட்டையோடு போய், வருவாய்த் துறையின் 1942 முதல் 1945 வரையிலான கோப்புகளில் சோழவரம், செங்குன்றம் (ரெட்ஹில்ஸின் தமிழ்ப் பெயர்) என்று கேளுங்கள். ஆள் பெயர் கிடைக்காவிட்டாலும் கேம்புக்காக நிலம் எடுத்த விவரம் கிடைக்க வாய்ப்பு உண்டு.

கிளம்புவதற்கு முன்னால் ஒரு நாள் மூலக்கடை வழியாகப் போகும் 57 வகையறா பஸ்ஸில் ஏறி ஏரியையும் பார்த்துவிடுங்கள், காலையில் வெயிலுக்கு முன் போனால் நல்லது. மழைக்காலம் முடிந்து நிரம்பியிருக்கும்போது பார்த்தால்தான் அத்தனை பெரிய விமானம் எப்படி இறங்கியது என்பது புரியும், கோடையில் நீர் வற்றிப் பாதி தரையாகக் கிடக்கும். மொபைலில் படம் எடுப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள், ட்ரோன் எல்லாம் வேண்டாம், அது குடிநீர் ஏரி, பக்கத்திலேயே புழல் ஜெயில் வேறு.