வாசித்தவர் இறக்கும் சுவடியைப் படியெடுத்தவர் எப்படிப் பிழைத்தார்?

வெள்ளவத்தையிலிருந்து ஒரு வாசகி, தாம் எழுதிவரும் மாயப் புனைகதை குறித்து ஆலோசனை கேட்டிருக்கிறார். அவருடைய கற்பனைத் தீவு நாட்டின் அரண்மனை ஏட்டறையில் அறுநூறு ஆண்டுகளாக ஒரு மந்திரச் சுவடி காக்கப்பட்டு வருகிறது. ஓலைகளின் ஓரத்தில் பூசிய நஞ்சும் உள்ளே இருக்கும் மந்திரமும் சேர்ந்து, வாசித்தவரை விடிவதற்குள் கொன்றுவிடும். கதையைப் படித்த தோழி, "அப்படியானால் அதை எழுதியவரும் காத்தவரும் ஏன் சாகவில்லை?" என்று கேட்டதிலிருந்து எழுத்து நகரவில்லையாம்.

தோழியின் கேள்வி வாசகி எண்ணுவதைவிடக் கூர்மையானது. கடற்காற்றும் ஈரப்பதனும் பூச்சியும் உள்ள தீவில் ஓலைச்சுவடி சில நூற்றாண்டுகளுக்குமேல் தாங்குவது அரிது. சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை 1887 இல் கலித்தொகையைப் பதிப்பித்தபோது, ஏட்டுக் கட்டை அவிழ்த்தால் இதழ் முரிகிறது, புரட்டினால் துண்டுதுண்டாய்ப் பறக்கிறது என்று பதிப்புரையிலேயே வருந்தியிருக்கிறார். ஆகவே, அறுநூறு ஆண்டு வாழ்ந்த நூல் என்றால் அதைத் தலைமுறைதோறும் யாரோ படியெடுத்திருக்கிறார்கள் என்றே பொருள். ஓர் எழுத்துவிடாமல் நூலைப் பார்ப்பவர் படியெடுப்பவர்தான். அவரைக் கொல்லும் நூல் முதற் படியோடு அழிந்திருக்கும்.

நஞ்சை விட்டுவிடுங்கள் என்பதே என் முதல் ஆலோசனை. உலகில் நச்சு நூல்கள் உண்மையாகவே இருக்கின்றன. 1874 இல் அமெரிக்காவின் மிச்சிகனில் ரொபேர்ட் கெட்ஸி என்னும் இரசாயனப் பேராசிரியர், ஆர்சனிக் கலந்த சுவர்த்தாள்களின் தீங்கை எடுத்துக்காட்ட அத்தாள்களின் மாதிரிகளையே நூலாகக் கட்டி, 100 பிரதிகளை அம்மாநில நூலகங்களுக்கு வழங்கினார். அவற்றுள் பெரும்பாலானவை பின்னர் அழிக்கப்பட்டன. 2024 இல் பிரான்சின் தேசிய நூலகமும் இத்தகைய பச்சை நிறமி பூசிய அட்டை கொண்ட நான்கு நூல்களை வாசகர் பார்வையிலிருந்து விலக்கியது. ஆனால் அந்த நஞ்சு தூசியாகவும் கைவழியாகவும் மெல்ல மெல்ல உடலில் சேர்வது. அதிகமாகத் தொடுபவரையே அது அதிகம் தாக்கும். எனவே உங்கள் கதையில் முதலில் நோயுறுபவர் காவலராகத்தான் இருப்பார், திருட வந்தவராக அல்ல.

மந்திரத்துக்கு வருவோம். நூலை ஆபத்தாக்கும் விதியை வேறெங்கும் தேடவேண்டியதில்லை. செய்யுள் இலக்கணம் கூறும் தமிழ்ப் பாட்டியல் நூல்களில் அது ஏற்கெனவே இருக்கிறது. அவை எழுத்துகளை அமுதெழுத்து, நச்செழுத்து என்று பிரித்து, யா, யோ, ரா, ரோ, லா, லோ போன்ற நச்செழுத்துகள் பாட்டின் முதற்சீரில் நின்றால் பாட்டுடைத் தலைவனுக்குத் தீங்கு நேரும் என்கின்றன. பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் தன்மீது பாடிய கலம்பகத்தைக் கேட்டே எரிந்து மாண்டான் என்ற செவிவழிக் கதையும் இந்த நம்பிக்கையின் நிழலில் வளர்ந்ததே. இதில் கவனிக்க வேண்டியது, தீங்கு எழுதியவனையோ ஏட்டைத் தொட்டவனையோ சேராமல், எவன்மீது பாடப்பட்டதோ அவனையே சேர்கிறது என்பது. உங்கள் சுவடியில் தலைவன் பெயர் வரவேண்டிய இடத்தை வெறுமையாக விடுங்கள். பெயர் சேர்க்காமல் வாய்விட்டுப் படிப்பவர் தாமே பாட்டுடைத் தலைவராகிவிடுவார் என்று விதி வகுத்தால், மௌனமாகப் படியெடுத்தவர் பிழைத்ததற்குக் காரணம் கிடைத்துவிடும். வழக்கமாக ஒருவர் வாசிக்க மற்றவர் எழுதுவதுண்டு. இந்தச் சுவடிக்கு மட்டும் அது தடை என்றும், எழுதுபவர் வாயைத் துணியால் கட்டிக்கொண்டு தனியே அமர்வார் என்றும் காட்டுங்கள். ஒரு வரியில் முடியும் அந்தக் காட்சி, பத்துப் பக்க எச்சரிக்கையைவிட அச்சமூட்டும்.

ஓலையின் இயல்பும் உங்களுக்குத் துணைசெய்யும். எழுத்தாணியால் கீறிய எழுத்து, கரியும் எண்ணெயும் குழைத்த மையைத் தடவித் துடைக்கும்வரை கண்ணுக்குச் சரியாகப் புலப்படாது; வெளிறிய பரப்பில் மெல்லிய கீறல்களே தெரியும், மை இறங்கியதும் வரி முழுவதும் கறுத்து எழும். காவலர்கள் சுவடியை மை தடவாமலே வைத்திருந்தால், அதற்கு மை பூசும் செயலே குற்றமாகும். மேலும், பழைய ஏடுகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இடுவதில்லை. ரகரத்துக்கும் துணைக்காலுக்கும் வடிவ வேறுபாடும் இல்லை. ஒரே கீறலை ர என்றும், ர் என்றும், கால் என்றும் கொள்ளலாம். எது சரி என்பதைப் பொருள் அறிந்தவரே முடிவுசெய்ய முடியும். நச்செழுத்தாகப் படிப்பதா, தீங்கற்றதாகப் படிப்பதா என்பது படிப்பவரின் புலமையைப் பொறுத்ததாகிவிட்டால், உங்கள் கதாநாயகி தப்புவதற்கு வேறெந்தத் தாயத்தும் வேண்டியதில்லை.

எழுதத் தொடங்குமுன் கறுவாத்தோட்டத்தில் உள்ள தேசிய நூதனசாலைக்குச் சென்று ஏடுகளை நேரில் பாருங்கள். மூன்றாம் அத்தியாயத்தில் கதாநாயகி விரலை நாவில் நனைத்து ஏட்டைப் புரட்டுவதாக எழுதியிருக்கிறீர்கள். துளையிட்டுக் கயிற்றில் கோத்த விறைப்பான ஓலையை எவரும் அப்படிப் புரட்டுவதில்லை. நஞ்சோடு அந்த வரியையும் நீக்கிவிடுங்கள்.