தொலைந்த படிக்கட்டுச் சிரிப்பு – கடிதம்

அன்புள்ள சார்,

மகளோடு உட்கார்ந்து லாரல்-ஹார்டியின் 'தி மியூசிக் பாக்ஸ்' பார்த்தேன். இருவரும் பியானோவைப் படிக்கட்டில் ஏற்றும் படம். அதற்கு ஐந்து வருடம் முன்பே, 1927-ல், 'ஹேட்ஸ் ஆஃப்' என்ற மௌனப்படத்தில் அதே படிக்கட்டில் ஒரு வாஷிங் மெஷினை ஏற்றியிருக்கிறார்கள், அதன் பிரதி எங்குமே இல்லை என்று படித்தேன். எப்படித் தொலைந்தது? கதை தெரியும், புகைப்படங்கள் இருக்கின்றன. செயற்கை நுண்ணறிவை வைத்துத் திரும்ப உருவாக்கிவிடலாமே? இரண்டு ரீல் தமாஷ் படம் போனதில் அப்படி என்ன பெரிய நஷ்டம் என்றும் தோன்றுகிறது.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

மகளுக்கு அந்தப் படத்தைக் காட்டினீர்களே, அதற்கே உங்களுக்கு என் அன்பு. கடைசி வரியை மட்டும் எழுதாமல் இருந்திருக்கலாம்.

எப்படித் தொலைந்தது என்பதில் மர்மம் எதுவும் கிடையாது. அன்றைய பிரதிகள் நைட்ரேட் ஃபிலிம். பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும், எரியாவிட்டால் பொடிந்து போகும். பேசும்படம் வந்ததும் மௌனப்படத்துக்குச் சந்தை இல்லை. வெள்ளிக்காக உருக்கியதும் உண்டு. அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 2013-ல் வெளியிட்ட ஆய்வின்படி, அங்கே வெளியான 10,919 முழுநீள மௌனப்படங்களில் 14 சதவீதம்தான் முதலில் வெளியான வடிவிலேயே எஞ்சியிருக்கிறது. குறும்படங்கள் அந்தக் கணக்கிலேயே வரவில்லை. 'இரண்டு ரீல் தமாஷ்' என்று உங்களைப் போலவே நினைத்தவர்கள்தான் அவற்றைக் குப்பையில் போட்டார்கள்.

இப்போது உங்கள் செயற்கை நுண்ணறிவு. இதைப் பற்றித்தான் சில மாதங்களாக யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

'ஹேட்ஸ் ஆஃப்' கதை எனக்கும் தெரியும். ஜேம்ஸ் ஃபின்லேசன் வாஷிங் மெஷின் கம்பெனி முதலாளி. இவர்கள் இருவரும் விற்பனையாளர்கள். படிக்கட்டின் உச்சியிலிருந்து ஒரு பெண், அனிடா கார்வின், கை காட்டிக் கூப்பிடுகிறாள். மூச்சு வாங்க மெஷினைத் தூக்கிக்கொண்டு ஏறினால், தபாலில் போடச் சொல்லி ஒரு கடிதத்தை நீட்டுகிறாள். நடுவே இருவருக்கும் தொப்பி மாறிப்போகிறது. அந்தச் சண்டை தெருவில் போகிறவன் வருகிறவன் எல்லோர் தொப்பிக்கும் பரவுகிறது. கடைசியில் ரோடு ரோலர் மெஷின் மேல் ஏறிவிடுகிறது. இதை நான் சொன்னேன், நீங்கள் படித்தீர்கள். சிரித்தீர்களா?

என் தாய்மாமா 'மியூசிக் பாக்ஸ்' கதையைக் கையையும் காலையும் ஆட்டி எங்களுக்குச் சொல்வார். மேலே ஏற்றி முடித்த பிறகு தபால்காரர் வந்து, "சுற்றிக்கொண்டு ரோடு போகிறதே, வண்டியிலேயே வந்திருக்கலாமே" என்பார். உடனே திரும்பக் கீழே இறக்குவார்கள். மாமா இந்த இடத்தைப் பட்டென்று போட்டு உடைப்பார், நாங்கள் உருண்டு புரளுவோம். வளர்ந்த பிறகு படத்தைப் பார்த்தபோது அந்தப் பட்டென்று அதில் இல்லவே இல்லை. தபால்காரர் சொல்வது இருவருக்கும் நியாயமாகப் படுகிறது. நமக்கு ஏன் இது முன்பே தோன்றவில்லை என்கிறார்கள். பிறகு, செய்ய வேண்டிய காரியத்தைச் செய்கிற பொறுப்போடு பியானோவை இறக்குகிறார்கள். அவசரமே இல்லை. மாமா சொன்னதில் கதை இருந்தது, அந்த நிதானம் இல்லை. நான் சிரித்தது நிதானத்துக்கு.

அந்த நிதானம் 1927-ல்தான் அவர்களுக்குக் கைவந்தது. அதுவரை அமெரிக்க மௌன நகைச்சுவை என்றால் ஓட்டம், துரத்தல், விழுதல். ஹால் ரோச் ஸ்டூடியோவில் லியோ மெக்கேரி மேற்பார்வையில் அந்த வருடம்தான் இவர்கள் வேகத்தைக் குறைக்கிறார்கள். ஒருவன் அடிப்பான், அடி வாங்கியவன் சும்மா நின்று யோசிப்பான், பிறகு திருப்பி அடிப்பான். படத்தைப் பொதுமக்களுக்கு முன்கூட்டியே போட்டுக் காட்டி, எங்கே எவ்வளவு சிரிக்கிறார்கள் என்று கவனித்து மறுபடி வெட்டுவார்கள். இருவரும் ஜோடியாக உருத்திரண்டு வந்த அந்த மாதங்களில் எடுத்த படம் 'ஹேட்ஸ் ஆஃப்'. படியில் ஒவ்வொரு முறையும் எவ்வளவு நேரம் நின்றார்கள், முதல் தொப்பி விழுந்ததற்கும் இரண்டாவதுக்கும் நடுவே எத்தனை ஃபிரேம் விட்டார்கள்? தொலைந்தது அதுதான், எஸ். புகைப்படத்தில் அது இருக்காது. கம்ப்யூட்டர் அதை ஊகிக்கும். மிருதங்கச் சொற்கட்டைத் தாளில் எழுதி வைத்துக்கொண்டு பாலக்காடு மணி ஐயரின் வாசிப்பைக் கேட்டுவிட்டேன் என்று சொல்ல முடியுமா? அப்படி உருவாக்கும் படத்தை உங்கள் மகள் பார்த்து, இதுதான் லாரல், இதுதான் ஹார்டி என்று நம்பினால், அது அவளுக்குச் செய்கிற துரோகம். கோபமாகவே சொல்கிறேன்.

அதே வருடக் கடைசியில் வந்த 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி'யை எடுத்துக்கொள்ளுங்கள். 'பை' (pie) என்ற பலகாரத்தை எறிந்துகொள்ளும் உலகப் புகழ்பெற்ற சண்டை அதில்தான். அந்தச் சண்டையில், 1957-ல் ராபர்ட் யங்சன் தன் தொகுப்புப் படத்தில் சேர்த்த சில நிமிடங்கள் மட்டுமே பல காலம் கிடைத்தன. ஊரே ஒருவர் மேல் ஒருவர் அள்ளி வீசுகிற களேபரம் என்றே அதை நினைத்திருந்தோம். 2015-ல் ஜான் மிர்சாலிஸ் என்ற சேகரிப்பாளரிடமிருந்த 16 மி.மீ. பிரதிகளுக்குள் இரண்டாவது ரீல் முழுதாக அகப்பட்டது. பார்த்தால் களேபரமே இல்லை. ஒவ்வொரு பையும் ஒருவரைத் தேடிப் போய் விழுகிறது. அவர் துடைத்துக்கொள்கிறார், விஷயத்தைப் புரிந்துகொள்கிறார், பிறகுதான் அடுத்த பையை எடுக்கிறார். எந்த ஊகமும் இதைச் சொல்லியிருக்காது.

வர்ஜீனியாவில் நாடாளுமன்ற நூலகத்தின் கல்பெப்பர் வளாகத்தில் ஒரு பயிலரங்கு நடத்தியிருக்கிறார்கள். பெயர் தெரியாத துண்டுப் படங்களைத் திரையில் ஓட்டுவார்கள். பியானோ வாசிப்பு கூடவே நடக்கும். பார்ப்பவர்கள் உட்கார்ந்த இடத்திலிருந்தே கத்தலாம்: அந்தக் கார் எந்த வருட மாடல், பின்னால் நிற்கிற நடிகர் யார், கடைப் பலகையில் என்ன எழுதியிருக்கிறது. தொழில்நுட்பத்தின் மேல் உங்களுக்கு இருக்கும் ஆசையை அந்த மாதிரி வேலைக்குக் கொடுங்கள். முகத்தை அடையாளம் காணட்டும், கீறலைத் துடைக்கட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை.

பிரதி கிடைக்குமா? நம்பிக்கையோடுதான் இருக்கிறேன். அன்று அமெரிக்கப் படங்கள் உலகத்தின் கடைசி ஊர் வரை போயின. திருப்பி அனுப்பும் செலவு கட்டாது என்று பல அங்கேயே விடப்பட்டன. கனடாவின் டாசன் சிட்டியில் 1978-ல் மண்ணைத் தோண்டியபோது 500-க்கும் மேற்பட்ட ரீல்கள் வந்தன. இயக்குநர் ஜான் ஃபோர்டின் 'அப்ஸ்ட்ரீம்', அதுவும் 1927 படம், நியூசிலாந்தில் அகப்பட்டது. 1920-களில் இந்தியாவில் ஓடியவற்றிலும் பெரும்பகுதி அமெரிக்கப் படங்களே. இந்த வெயிலில் நைட்ரேட் தாங்கியிருப்பது அபூர்வம். ஆனால் நைட்ரேட் அல்லாத 16 மி.மீ. பிரதி ஒன்று யார் வீட்டுப் பரணிலும் இருக்கலாம். உங்களுக்குத் தெரிந்து பழைய தியேட்டர் நடத்திய குடும்பம் இருந்தால், ஃபிலிம் டப்பாக்களை எடைக்குப் போடாதீர்கள் என்று சொல்லுங்கள். நெருப்புப் பக்கம் கொண்டுபோக வேண்டாம், சுருளைப் பிரித்துப் பார்க்கவும் வேண்டாம். டப்பாவைப் படம் பிடித்துப் புனேயில் இருக்கும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு அனுப்பினால் போதும்.