உடல்மொழி கேள்வி–பதில்: தலையை ஆட்டினால் சரியா, இல்லையா?

கேள்வி: பாயான் லெப்பாஸ் (பினாங்கு, மலேசியா) எலெக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் புதிதாகச் சேர்ந்திருக்கிறேன். சீன சூப்பர்வைசர் ஏதாவது சொன்னால் தலையாட்டிக் கேட்டுக்கொள்கிறேன். அவரோ "புரியவில்லையா, இஷ்டமில்லையா?" என்று எரிச்சல்படுகிறார். என் தப்பு என்ன?
– வாசகி, பிறை

தப்பு உங்கள் கழுத்தில் இருக்கிறது, சகோதரி! நம்மவர்கள் 'சரி' என்று ஆட்டும்போது காது தோளை நோக்கிச் சாயும்; மூக்கு நேராகவே இருக்கும். 'இல்லை' என்னும்போது மூக்குதான் இடமும் வலமும் திரும்பும். நமக்கு இரண்டும் வேறு வேறு. சீனர், மலாய்க்காரர் கண்ணுக்கோ இரண்டுமே பக்கவாட்டு அசைவு, அதாவது மறுப்பு. போதாததற்கு நம்மிடம் இரண்டு வகைச் சாய்ப்பு உண்டு. ஒரே வெட்டாகச் சாய்த்தால் 'ஆகட்டும்'. மெதுவாக நாலைந்து முறை ஆடினால் 'கேட்டுக்கொண்டிருக்கிறேன்', அவ்வளவுதான். அதில் சம்மதம் கிடையாது. தமிழர்களுக்குள்ளேயே இதில் சண்டை வருவதுண்டு.

பழக்கத்தை அடியோடு நிறுத்தப் பார்க்காதீர்கள். கழுத்தையே கவனித்துக்கொண்டிருந்தால் அவர் சொல்வது காதில் ஏறாது. வாயை முந்த விடுங்கள்: "ஓகே" என்று சொல்லிவிட்டு, முகவாயை மேலும் கீழுமாக ஒரே ஒரு முறை அசையுங்கள். பிறகு அவர் சொன்னதை ஒரு வரியில் திருப்பிச் சொல்லுங்கள்: "மூன்றாம் லைன், மதியத்துக்குள், 2 பெட்டி." தலை எந்தப் பக்கம் ஆடினாலும் அந்த வரி உங்களைக் காப்பாற்றும். வீட்டில் யாரோடாவது பேசும்போது கைப்பேசியில் 2 நிமிடம் பதிவு செய்து பாருங்கள். எத்தனை தடவை ஆட்டுகிறோம் என்று நீங்களே அசந்துபோவீர்கள்.

கிளீன்ரூம் (தூசி புகாத அறை) உடையில் வேலை என்றால் இன்னும் கவனம் வேண்டும். முகமூடியும் தலையுறையும் போட்டபின் கண் மட்டும்தான் வெளியே தெரியும். சிரிப்பும் உதட்டசைவும் மறைந்துவிடுவதால் தலையாட்டல் ஒன்றுதான் எதிராளிக்கு மிஞ்சுகிறது. அங்கே கட்டைவிரலை உயர்த்திக் காட்டுவதே மேல்.

கேள்வி: டியூஷனுக்குப் போனாயா என்று கேட்டால் 15 வயது மகன் என் முகத்தைப் பார்ப்பதில்லை. பொய் சொல்பவர்களின் கண் வலப்பக்கம் மேலே போகும் என்று ஒரு காணொளியில் பார்த்தேன். உண்மையா?
– ஒரு தாய், செந்தூல்

இல்லை. 2012-இல் வெளிவந்த ஆய்வு ஒன்று அதைச் சோதித்தது. கண் போகும் திசைக்கும் பொய்க்கும் தொடர்பே காணப்படவில்லை. பொய்யைக் கண்டுபிடிப்பதில் மனிதர்கள் எவ்வளவு தேறுவார்கள் என்று 200-க்கும் மேற்பட்ட ஆய்வுகளைத் தொகுத்து 2006-இல் ஒரு கணக்கு வந்தது: சராசரி 54 விழுக்காடு. காசைச் சுண்டிப் போட்டாலே 50 வந்துவிடும்.

இன்னொன்றையும் யோசியுங்கள். "பெரியவங்க திட்டும்போது முறைச்சுப் பார்க்காதே" என்று சின்ன வயதில் சொல்லிக்கொடுத்தது நாம்தானே? இப்போது அவன் தரையைப் பார்த்தால் அதுவே குற்றம் என்கிறோம்.

எதிரே நிற்க வைத்து விசாரிக்காமல், காரில் பக்கத்தில் உட்கார்ந்து போகும்போது கேளுங்கள். "போனாயா?" என்றால் "ம்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். "இன்னிக்கு என்ன நடத்தினாங்க, முதல்ல இருந்து சொல்லுய்யா" என்று தொடங்குங்கள். நடுவில் அவன் எதிர்பாராத சின்ன விவரம் ஒன்றைக் கேளுங்கள்: பக்கத்தில் யார் உட்கார்ந்தார்கள், எந்தக் கணக்கில் எல்லாரும் மாட்டிக்கொண்டார்கள். போனவனுக்குப் பதில் தானாக வரும். போகாதவன் அங்கேயே இட்டுக்கட்ட வேண்டியிருக்கும். அதற்கும் முன்னால், டியூஷன் ஆசிரியருக்கு ஒரு வாட்ஸ்அப் அனுப்பலாமே!

கேள்வி: பேச்சில் 93 விழுக்காடு உடல்மொழிதான், சொல் வெறும் 7 விழுக்காடு என்று பயிற்சி வகுப்பில் சொன்னார்கள். நம்பலாமா?
– வாசகர், பிரிக்பீல்ட்ஸ்

அது உண்மையானால் சீன நாடகத்தைச் சப்டைட்டில் இல்லாமல் பார்த்தே கதையில் 93 விழுக்காடு புரிந்திருக்கும்! உளவியலாளர் ஆல்பர்ட் மெஹ்ராபியன் 1967-இல் வெளியிட்ட இரு சோதனைகளிலிருந்து கிளம்பிய எண்கள் இவை: சொல் 7, குரல் 38, முகம் 55. தனிச் சொற்களை வெவ்வேறு குரலிலும் முகபாவத்திலும் காட்டி, பேசுபவருக்குப் பிடித்திருக்கிறதா இல்லையா என்று மட்டுமே அவற்றில் கேட்டார்கள். வாய் ஒன்று சொல்லி முகம் வேறொன்று காட்டும்போது நாம் முகத்தை நம்புகிறோம் என்பதே அதன் சாரம். எல்லாப் பேச்சுக்கும் இது பொருந்தாது என்று மெஹ்ராபியனே சொல்லியிருக்கிறார்.

கேள்வி: இன்சூரன்ஸ் ஏஜெண்டாக இருக்கிறேன். மலாய் வாடிக்கையாளர்கள் வீட்டுக்குப் போனால் கை கொடுப்பதா வேண்டாமா என்று தடுமாறுகிறேன்.
– வாசகர், கெப்போங்

பெண்களிடம் நீங்கள் முதலில் கை நீட்டாதீர்கள். வலக்கையை நெஞ்சில் வைத்து லேசாகக் குனிந்தால் போதும். அவர் நீட்டினால் மென்மையாகத் தொட்டு விடுங்கள். ஆண்களின் 'சலாம்' அழுத்திக் குலுக்குவதல்ல. கையைத் தொட்டுவிட்டு உள்ளங்கையை நெஞ்சுக்குக் கொண்டுபோவார்கள். பயிற்சி வகுப்பில் கற்ற 'உறுதியான பிடி' அங்கே முரட்டுத்தனமாகத் தெரியும்.

படிவத்தை வலக்கையால் கொடுங்கள். இடக்கை வலது முன்கையைத் தாங்கியிருந்தால் கூடுதல் மரியாதை. கையெழுத்திட வேண்டிய இடத்தை ஆள்காட்டி விரலால் காட்டாமல், நான்கு விரலையும் மடக்கிக் கட்டைவிரலால் காட்டுங்கள். உட்கார்ந்திருக்கும் பெரியவர்களின் முன்னே கடந்து போக வேண்டுமானால், வலக்கையைத் தாழ்த்திச் சற்றே குனிந்து போங்கள். சீனர்களிடம் பெயரட்டையை இரண்டு கையாலும் வாங்கி, ஒரு கணம் படித்துவிட்டு வையுங்கள், பின்பாக்கெட்டில் மட்டும் செருகாதீர்கள்.

கேள்வி: கூட்டத்தில் எங்கள் மேலாளர் எப்போதும் கையைக் கட்டிக்கொண்டே உட்கார்ந்திருக்கிறார். நான் சொல்வது பிடிக்கவில்லையோ?
– வாசகி, ஜெலுத்தோங்

எப்போதும் கட்டியிருந்தால் அது அவர் வழக்கம், அதிலிருந்து ஒன்றும் தெரியாது. திறந்திருந்த கை எந்தப் பேச்சு வந்ததும் மூடியது என்று பாருங்கள், அந்த இடத்தில் நிறுத்தி, "இதில் ஏதாவது யோசனை இருக்கிறதா?" என்று கேளுங்கள். ஏர்கோன் (ஏசி) 18 டிகிரியில் ஓடுகிறதா என்பதையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள், குளிருக்காகவும் கட்டியிருக்கலாம்.