தேவிகா ராணியைப் பற்றிப் பத்து நிமிடம்: எதைச் சொல்லலாம், எதை விடலாம்?

கேள்வி: எங்கள் கல்லூரித் திரைப்பட மன்றத்தில் 1936-இல் வெளியான ‘அச்சுத் கன்யா’ என்ற இந்திப் படத்தைத் திரையிடுகிறோம். அதன் நாயகி தேவிகா ராணியைப் பற்றி முன்னுரையாக நான் பத்து நிமிடம் பேச வேண்டும். இணையத்தில் தேடினால் ‘நான்கு நிமிட முத்தம்’தான் முன்னால் வந்து நிற்கிறது, ஆண்டுகளும் இடத்துக்கு இடம் வேறுபடுகின்றன. எவற்றை நம்பிப் பேசலாம்?

பதில்: முத்தத்தைத் தவிர்த்தால் யாராவது எழுந்து கேட்பார்கள், ஆகவே அதை முதல் நிமிடத்திலேயே முடித்துவிடுங்கள். ‘கர்மா’ படத்தில், பாம்பு தீண்டி நினைவிழந்து கிடக்கும் இளவரசனாக அவருடைய கணவர் ஹிமான்ஷு ராய் நடிக்க, அவரை எழுப்பத் தவிக்கும் இளவரசியாகத் தேவிகா ராணி விட்டுவிட்டு முத்தமிடுகிறார். நான்கு நிமிடம் நீளும் ஒரே முத்தம் அதில் இல்லை. இந்தியத் திரையின் முதல் முத்தம் அது என்பதும் சரியன்று. ராய் 1929-இல் தயாரித்த ‘பிரபஞ்ச பாஷ்’ என்ற மௌனப் படத்திலேயே முத்தக் காட்சி இருக்கிறது.

ஆண்டுக் குழப்பத்துக்குக் காரணம் எளியது. ‘கர்மா’வின் ஆங்கில வடிவம் 1933-இல் லண்டனில் வெளியானது, இந்தி வடிவம் 1934-இல்தான் பம்பாய்க்கு வந்தது. தாதாசாகேப் பால்கே விருதை முதன்முதலாகப் பெற்றவர் தேவிகா ராணி. அது 1969-ஆம் ஆண்டுக்கான விருது, வழங்கப்பட்டது 1970-இல். இரண்டிலும் எந்த ஆண்டைச் சொல்கிறீர்களோ அது எதைக் குறிக்கிறது என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

பிறப்பு, குடும்பம் ஆகியவற்றுக்கு அரை நிமிடம் போதும். 1908-இல் அன்றைய சென்னை மாகாணத்தின் வால்டேரில் ஒரு வங்காளக் குடும்பத்தில் பிறந்தார், தந்தை எம்.என். சௌதுரி இராணுவ மருத்துவர். தாய்வழியில் தாகூர் உறவு. இதைவிட முக்கியமானது, சிறு வயதிலேயே இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்ட அவர், நாடகப் பயிற்சியோடு துணி வடிவமைப்பும் கற்று, நடிகையாக அல்லாமல் ‘பிரபஞ்ச பாஷ்’ படத்தின் ஆடை, அரங்க வேலைகளில் உதவியாளராகவே திரைத்துறைக்குள் நுழைந்தார் என்பது. பிறகு கணவருடன் பெர்லினின் ஊஃபா ஸ்டூடியோவில் தொழிலைப் பக்கத்தில் இருந்து பார்த்தார். ஒரு படம் எப்படி உருவாகிறது என்று தெரிந்துகொண்டு கேமராவுக்கு முன்னால் வந்து நின்ற நடிகை அவர். உங்கள் பேச்சின் மையம் இதுவாக இருக்கட்டும். பின்னால் அவர் செய்தவை எல்லாம் இதிலிருந்துதான் புரியும்.

1934-இல் இருவரும் பம்பாயின் மலாடில் ‘பாம்பே டாக்கீஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார்கள். இயக்குநர் ஃபிரான்ஸ் ஆஸ்டன், ஒளிப்பதிவாளர் ஜோசப் விர்ஷிங் இருவரும் ஜெர்மானியர்கள். ‘ஜீவன் நையா’ படப்பிடிப்பின்போது தேவிகா ராணி உடன் நடித்த நஜ்முல் ஹசனுடன் கல்கத்தாவுக்குச் சென்றுவிட்டுத் திரும்பினார்; ஹசன் நீக்கப்பட, ஆய்வகத்தில் வேலை பார்த்த அசோக் குமார் கதாநாயகன் ஆனார். வம்பாக நீட்டாமல், அசோக் குமாரின் தொடக்கம் என்ற அளவில் சொன்னால் போதும்.

‘அச்சுத் கன்யா’வுக்கு நான்கு நிமிடமாவது ஒதுக்குங்கள். தீண்டத்தகாதவராகக் கருதப்படும் ரயில்வே கேட் காவலாளி துக்கியா, பாம்பு தீண்டிய பிராமணக் கடைக்காரர் மோகனைக் காப்பாற்றுகிறார். அந்த நட்பில் சேர்ந்து வளரும் துக்கியாவின் மகள் கஸ்தூரியும் மோகனின் மகன் பிரதாபும் சாதியால் சேர முடியாமல் போகிறார்கள். அந்த ரயில்வே கேட்டின் மீது ஒரு கண் வைத்திருக்கச் சொல்லுங்கள். முடிவை மட்டும் சொல்லிவிடாதீர்கள். ‘மைன் பன் கீ சிடியா’ பாடலைத் தேவிகா ராணியும் அசோக் குமாரும் தாங்களே பாடியிருக்கிறார்கள். பாட்டுப் பயிற்சி அதிகம் இல்லாத அவர்களுக்கு ஏற்ப சரஸ்வதி தேவி மெட்டை எளிமையாக அமைத்திருப்பது கேட்டவுடன் தெரியும். கிராமத்துப் பெண்ணுக்கு இவ்வளவு திருத்திய புருவமா என்று மாணவர்கள் சிரிக்கலாம், அந்தச் சிரிப்பில் நியாயமும் உண்டு. ஆனால் முகத்தை ஓரத்திலிருந்து வரும் ஒளியில் மெல்லத் திருப்பி, வசனத்தைத் தாழ்ந்த குரலில் பேசும் அவருடைய முறை, நாடக மேடைப் பாணி ஓங்கியிருந்த அக்காலப் படங்களில் தனித்து நிற்கிறது.

1939-இல் போர் மூண்டதும் ஜெர்மானியக் கலைஞர்களை ஆங்கிலேய அரசு காவலில் வைத்தது. 1940-இல் ஹிமான்ஷு ராய் இறந்தார். முப்பத்திரண்டு வயதில் நிறுவனப் பொறுப்பு தேவிகா ராணியிடம் வந்தது. 1943-இல் வெளியாகிக் கல்கத்தா ராக்ஸி திரையரங்கில் மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஓடிய ‘கிஸ்மத்’தை முழுக்க அவர் சாதனையாகச் சொல்லாதீர்கள், அதை எடுத்தது நிறுவனத்துக்குள்ளேயே அவரோடு முரண்பட்டிருந்த தயாரிப்பாளர் சசாதர் முகர்ஜியின் அணி. அந்த அணி அதே ஆண்டு பிரிந்து ‘ஃபில்மிஸ்தான்’ என்ற படநிறுவனத்தைத் தொடங்கியது. யூசுப் கானை நடிக்கத் தேர்ந்து ‘திலீப் குமார்’ ஆக்கி, 1944-இல் ‘ஜ்வார் பாட்டா’வில் அறிமுகப்படுத்தியது தேவிகா ராணியின் கணக்கில் சேரும்.

1945-இல் ரஷ்ய ஓவியர் ஸ்வெதஸ்லாவ் ரோரிக்கை மணந்து திரைத்துறையை விட்டு விலகினார். பிற்காலத்தில் பெங்களூரை அடுத்த தாதகுனி பண்ணையில் வாழ்ந்து, 1994-இல் மறைந்தார். இந்தப் பிற்காலத்தைத் திரையிடலுக்குப் பின் கேள்வி நேரத்தில் சொல்லிக்கொள்ளலாம். படம் இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும். இணையத்தில் கிடைக்கும் பிரதிகளில் ஒலி தேய்ந்திருப்பதால், அரங்க ஒலிபெருக்கியில் முதல் நாளே போட்டுப் பார்த்து, துணையுரை உள்ள பிரதியைத் தேர்ந்துகொள்ளுங்கள்.