கொண்டல் காற்றுக்கு ஒரு மேடை

கேள்வி: ‘மூன்று ராச்சியங்களின் கதை’ என்ற பழைய சீன நாவலில், போர்த்தந்திரியான ஜூகே லியாங் மேடை கட்டித் தென்கிழக்குக் காற்றை வரவழைக்கிறாரே! அந்தச் சடங்கில் என்னதான் செய்தார்?

பதில்: கி.பி. 208, குளிர்காலம். சீனாவின் யாங்சி ஆற்றின் வடகரையில், வட சீனாவைக் கையில் வைத்திருந்த சாவ் சாவின் கப்பற்படை. அதைக் கொளுத்தத் தென்கரையில் எல்லாம் தயார்; அங்கே இருப்பது சுன் சுவான், லியூ பெய் என்ற இரு தலைவர்களின் கூட்டணி. ஆனால் அடிப்பதோ வடமேற்குக் காற்று. தீ வைத்தால் வைத்தவர் பக்கமே திரும்பும். சுன் சுவானின் தளபதி ஜோ யூ இந்தக் கவலையிலேயே படுத்துவிடுகிறார். மூன்று நாள் காற்றுக்கு நான் பொறுப்பு என்கிறார் லியூ பெய்யின் ஆலோசகரான ஜூகே லியாங்.

நாவலின் 49ஆம் அத்தியாயம் மேடையின் அளவைக்கூட விடாமல் சொல்கிறது. அடுக்குக்கு 3 அடியாக 3 அடுக்கு. கீழடுக்கில் 28 நட்சத்திரங்களுக்கு 28 கொடிகள், திசைக்கு ஏழு: கிழக்கே நீலம், வடக்கே கறுப்பு, மேற்கே வெள்ளை, தெற்கே சிவப்பு. நடு அடுக்கில் 64 மஞ்சள் கொடிகள். உச்சியில் 4 பேர், மேடையைச் சுற்றித் தரையில் 24 பேர். கொடிக்கு ஓர் ஆள் என்று கூட்டிப் பாருங்கள், கதை சொல்லும் 120 பேர் சரியாக வரும். இடம்விட்டு நகர்ந்தாலோ, பக்கத்து ஆளிடம் குசுகுசுத்தாலோ தலை போய்விடும். ஜூகே லியாங் ஒரே நாளில் மூன்று முறை ஏறி இறங்குகிறார், காற்றைக் காணோம். மூன்றாம் சாமம் நெருங்கும்போதுதான் கொடிகள் வடமேற்கே திரும்புகின்றன.

உச்சியில் நிற்கும் நால்வரில் இருவரைக் கவனியுங்கள். ஒருவர் பிடித்திருக்கும் நீண்ட கழியின் நுனியில் கோழி இறகு. இன்னொருவர் கழியில் நீளத் துணிப்பட்டை. சடங்கு என்ற பெயரில் மேடைமேல் காற்றுத் திசைகாட்டி வைத்துவிட்டார் மனிதர்!

கேள்வி: அப்படியானால் காற்று வந்தது கட்டுக்கதையா?

பதில்: காற்று வந்தது நிஜம். தென்கிழக்குக் காற்று பலமாக அடித்ததாகப் பழைய வரலாற்றுக் குறிப்பிலேயே இருக்கிறது. குளிர்காலத்தில் சைபீரியப் பக்கமிருந்து வரும் உயரழுத்தம் கடலை நோக்கி நகர்ந்துவிட்டால், அடுத்த குளிரலை வரும்வரை யாங்சி பகுதியில் ஓரிரு நாள் வெதுவெதுப்பான தென்கிழக்குக் காற்று வீசும். ஆற்றோரம் வாழ்ந்தவர்களுக்கு இது பழக்கம். கதையில் சாவ் சாவும் அதை அறிந்தவர்தான். ‘குளிர்காலக் கதிர்த்திருப்பத்தில் (பகல் மிகக் குறுகிய நாளில்) இந்தக் காற்று வருவதில் என்ன அதிசயம்’ என்று சிரிக்கிறார். சிரித்ததுதான் வினையாயிற்று.

கேள்வி: தீ வைத்ததும் ஜூகே லியாங்தானா?

பதில்: இல்லை. யோசனை சொன்னதும் கப்பல் ஓட்டியதும் ஹுவாங் காய் என்ற மூத்த தளபதி. 27 வயது ஜூகே லியாங்கின் வேலை தூது: சுன் சுவானை லியூ பெய்யுடன் கூட்டணிக்கு இணங்க வைத்தது. ஹுவாங் காய் பத்துக் கப்பல்களில் காய்ந்த நாணலும் விறகும் அடுக்கி, மீனெண்ணெய் ஊற்றி, சிவப்புத் துணியால் மூடி, சரணடைய வருவதாகச் சொல்லிப் பாய் விரித்தார். எதிரிக்கு இரண்டு லீ தொலைவில், அதாவது 800 மீட்டருக்குச் சற்று மேல், எல்லாக் கப்பலிலும் ஒரே நேரத்தில் தீ. ஆட்கள் தப்பப் பின்னால் சிறு படகுகள் கட்டியிருந்தன. சாவ் சாவின் கப்பல்கள் ஒன்றோடொன்று பிணைந்து கிடந்ததால் விலகி ஓட வழியில்லை. தீ கரையிலிருந்த முகாம்வரை தாவியது.

கேள்வி: அம்புகளை அடுத்தடுத்து எய்யும் தொடர்வில்லைக் கண்டுபிடித்தவர் ஜூகே லியாங்தானே?

பதில்: அவருக்குப் பல நூற்றாண்டு முந்தைய, சூ (Chu) என்ற பழைய சீன நாட்டுக் கல்லறையிலேயே தொடர்வில் கிடைத்திருக்கிறது. அவர் செய்தது திருத்தம்: எட்டு அங்குல இரும்பு அம்புகள் பத்தை ஒரே வீச்சில் எய்யும் வில். ஆனால் மந்திரவாதி ஜூகே லியாங்கைவிட, படைக்கு உணவு கொண்டுபோக 231இல் ‘மர எருது’ வண்டி செய்த அமைச்சர் ஜூகே லியாங்தான் சுவாரசியமானவர். 234இல் போர்முனையிலேயே இறந்தார். அரசருக்குத் தாமே எழுதிக் கொடுத்த சொத்துக் கணக்கில் இருந்தவை: செங்டுவில் 800 முசுக்கட்டை மரங்கள், 15 சிங் (பழைய சீன நில அளவு) வளமில்லாத நிலம்.